ஒம்பதாம் பாரக், நாலாம் நம்பர்

மெஹ்மானாம், மெஹ்மான். அப்படின்னா இன்னான்னு தெரியுமா பாப்பா உனக்கு? விருந்தாளி. நாப்பத்தாறு வருஷமா ஒரே வூட்ல சோறு பொங்கிக்கினு இருக்கறவ விருந்தாளியாம். பேப்பர்ல டைப் அடிச்சி மந்திர் சொவத்துல ஒட்டி வச்சிருக்காங்க, போறவங்க வர்றவங்க எல்லாம் நின்னு படிச்சிட்டுப் போறாங்க. ஒம்பதாம் பாரக், ஒண்ணாம் நம்பர், லால்சந்த் குடும்பம். ரெண்டாம் நம்பர், தோலாராம் குடும்பம். மூணாம் நம்பர், கிஷன்தாஸ் குடும்பம். நாலாம் நம்பர், மெஹ்மான். அவ்ளோதான். பேரு இல்ல, ஊரு இல்ல, ஒண்ணும் இல்ல.

இரு, எங்க போற? ரெண்டு கையிலயும் பை வச்சிக்கினு... கசராவா? கண்டா காடி போயி மூணு மணி நேரம் ஆவுது கண்ணு. குப்பை வண்டிய இங்க அப்படித்தான் சொல்லுவாங்க. ஏழு பத்துக்கு வரும், பாட்டு போட்டுக்கினு வரும், ஆனா நம்ம சந்துக்குள்ள வராது, மந்திர் முனையில ரெண்டு நிமிஷம் நிக்கும். ஈரக் குப்பை தனி, காஞ்ச குப்பை தனி. சேத்துக் குடுத்தன்னு வையி, வண்டியில நிக்கிற பொம்பள உன் பைய ரோட்டுலயே கொட்டி உன்னையே பிரிக்க சொல்லுவா. நான் ரெண்டு தடவ பிரிச்சிருக்கேன். அத்த அப்படி ஓரமா வையி. உள்ள வா, ஒக்காரு. தோ, அந்த ஸ்டூல இஸ்து போட்டுக்கோ.

நீ இன்னா கேக்க வந்த? தண்ணி எத்தினி மணிக்கு வரும்னு தானே. சொல்றேன், எல்லாம் சொல்றேன். ஞாயித்துக்கெழம தான் மேல் ரூமுக்கு குடி வந்திருக்க, ஒண்ணொண்ணா சொல்ல வேண்டியது வூட்டுக்காரி என் பொறுப்பு. ஆனா மொதல்ல நீ எனக்கு ஒரு லெட்டர் எழுதிக் குடு. இங்லீஷ்ல. சுருக்குன்னு தைக்கற மாதிரி இருக்கணும். உன் போன்லயே எழுதி கமிட்டி நம்பருக்கு அனுப்பிடு. எனக்கு ஹிந்தி பேச வரும், மராட்டி பேச வரும், சிந்தியில சண்டை போடக்கூட வரும். எழுதறதுன்னா தமிழ் மட்டும் தான், அத்த இங்க எவன் படிக்கிறான்? என் புள்ள சபரிக்கே படிக்க வராது. அவன்கிட்ட எழுதிக் குடுடான்னு தான் கேட்டேன். ரஞ்சன்காவ் கம்பெனி பஸ்ஸப் புடிக்க ஓடறவன், ஷூவ மாட்டிக்கினே சொல்றான், "கல்லுல பேரு இருந்தா இன்னா, இல்லன்னா இன்னாம்மா, கொழாயில தண்ணி வருதில்ல"ன்னு. தண்ணி வருதாம். அந்தத் தண்ணிய வுட்டவன் உங்கப்பன்டான்னு சொன்னேன். அதுக்குள்ள அவன் தெருமுனைக்குப் போயிட்டான்.

கொர்ர்ருன்னு ஒரு சத்தம் கேக்குதா? கல்லு செதுக்கற மெஷினு. கேம்ப் ஆரம்பிச்சி எழுவத்தஞ்சி வருஷம் ஆச்சின்னு விழா எடுக்கறாங்க. எழுவத்தஞ்சி முடிஞ்சே ரெண்டு வருஷம் ஆவுது, இவங்க கமிட்டி கூடி டீ குடிச்சி எழுந்திருக்கறதுக்கு அவ்ளோ நாளாச்சி. கேட்டாண்ட ஆள் ஒசரத்துக்கு கருப்புக் கல்லு நிக்க வச்சிருக்காங்க, பாத்திருப்ப. பாரக் வாரியா, ரூம் வாரியா, யாரு இருந்தாங்க, எந்த ஊர்லேர்ந்து வந்தாங்க, எந்த வருஷம், கேம்ப்புக்கு இன்னா செஞ்சாங்க, எல்லாம் செதுக்கறாங்க. நேத்து சாயந்தரம் ஆறாம் பாரக் முடிஞ்சிது. இன்னிக்கி பதினோரு மணி வாக்குல ஒம்பதாம் பாரக்குக்கு வந்துருவான். வந்தான்னா மெஹ்மான்னு செதுக்கிட்டு பத்தாம் பாரக்குக்குப் போய்க்கினே இருப்பான். பேப்பர்னா கிழிச்சிட்டு வேற ஒட்டலாம், கல்ல இன்னா பண்றது? மணி இப்ப இன்னா, பத்து அஞ்சா? அப்ப எழுது, சீக்கிரம் எழுது.

இன்னாது, பத்தரைக்கு உனக்கு மீட்டிங்கா? வூட்லயே ஒக்காந்து தானே மீட்டிங்கு, போன காதுல மாட்டிக்கினு இங்கயே பேசு, நான் ஒண்ணும் சத்தம் போட மாட்டேன். இந்தா, அப்பளம் எடுத்துக்கோ, தண்ணி குடி. இங்க யாரு வூட்டுக்குப் போனாலும் மொதல்ல சுட்ட அப்பளமும் தண்ணியும் தான் வைப்பாங்க. சிந்திக்காரங்க பழக்கம் அது. காப்பித் தண்ணியெல்லாம் அப்பால தான். ஆண்ட்டிங்க, வேணாங்க, இருக்கட்டுங்கன்னு எத்தினி 'ங்க' போடுவ நீ? கோயம்புத்தூரு ஆளுங்க சண்டைக்கு நின்னாக்கூட மரியாதையாத் தான் நிப்பீங்க போல. லெட்டர்ல அந்த மரியாதையெல்லாம் வேணாம். நேரா ஆரம்பி.

மொதல்ல, இந்த கேம்ப் எப்படி வந்திச்சின்னு எழுது. ஏன்னா, இந்த மத்ராசிக்காரிக்கு இன்னா தெரியும்னு நெனைப்பாங்க இல்ல, அதுக்கு. சண்டைக் காலத்துல வெள்ளைக்காரன் பட்டாளத்துக்குக் கட்ன பாரக் இதெல்லாம். பட்டாளம் போச்சி, நாடு ரெண்டாச்சி. கராச்சியிலேர்ந்து கப்பல்ல பம்பாய்க்கு வந்து, அங்கேர்ந்து ரயிலு, லாரின்னு ஏத்தி கொண்டாந்து இந்தப் பொட்டல்ல எறக்கி வுட்டாங்க சிந்திக்காரங்கள. ஒரு பாரக்குன்னா ஒரு நீட்டு ஹாலு. அதுல எட்டு குடும்பம். நடுவுல சொவரு கெடயாது. கோணிப்பைய தச்சி தொங்க வுட்டு, இது உன் வூடு, இது என் வூடுன்னு பிரிச்சிக்கினாங்களாம். இந்தக் கோணிக்கு அந்தாண்ட புருஷன் பொண்டாட்டி சண்டை போட்டா இந்தாண்ட இருக்கறவங்க பஞ்சாயத்து பண்ணுவாங்களாம், எழுந்து போகக்கூட வேணாம், படுத்துக்கினே பண்ணுவாங்களாம்.

எனக்கு எப்படித் தெரியும்ன்றியா? மோத்துமல் பாபா சொல்லி தான். பதிமூணு வயசுல கப்பல்ல வந்தவரு. நான் கல்யாணம் ஆகி இங்க வந்தப்ப கேம்ப்புல பெரிய தலக்கட்டு அவரு தான். பாரக்குக்கு சொவரு எழுப்பனது, எலவச ஆஸ்பத்திரி கொண்டாந்தது, ஸ்கூல் வச்சது, எல்லாத்துலயும் அவரு கை இருக்குது. தண்ணி வால்வு சாவியும் அவருகிட்ட தான் இருந்திச்சி. இடுப்பு ஒசரத்துக்கு இரும்பு சாவி, மேல ரெண்டு பக்கமும் கைப்பிடி. குழிக்குள்ள வுட்டு திருப்பணும். எண்பத்தி ரெண்டுல அவருக்கு தோளு எறங்கிப் போச்சி. அப்ப கேம்ப்புல நாலு மணிக்கு எழுந்திருக்கற ஒரே ஆம்பள யாருன்னு பாத்தாங்க. எங்க வூட்டுக்காரரு தான். வெடிமருந்து பேக்டரியில ஃபர்ஸ்ட் ஷிப்டு. சாவிய தூக்கிக் கையில குடுத்துட்டாரு பாபா.

அத்த எழுது. தணிகாசலம்னு எழுது, எங்க வூட்டுக்காரரு பேரு. முப்பத்தோரு வருஷம். சம்பளம் கெடயாது, லீவு கெடயாது. மூணு லைனு கேம்ப்புல. தண்ணி வர்றது முக்கா மணி நேரம். ஒரு லைனுக்கு கால் மணி நேரம்னு கடியாரத்தப் பாத்துக்கினே திருப்புவாரு. மொத லைனு, ரெண்டாவது லைனு, கடைசியா நம்ம லைனு. கடைசிக்கு வரும்போது தண்ணி நூலு மாதிரி வரும். ஒரு நிமிஷம், ஒரே ஒரு நிமிஷம் நமக்கு சேத்து வுடுய்யான்னு எத்தினி தடவ கேட்டிருப்பேன். வால்வுக்காரன் பொண்டாட்டி பக்கத்து வூட்ல போயி கொடத்த நீட்டிக்கினு நிக்கறது இந்த ஒலகத்துல வேற எங்கனா நடக்குமா? "முன்னாடி லைன்ல கொழந்தைங்க இருக்குது பவுனு"ம்பாரு. நம்ம வூட்ல இருக்கறது இன்னா, பொம்மையான்னு கேப்பேன். சாவிய தோள்ல போட்டுக்கினு கெளம்பிடுவாரு.

சபரி பொறந்த அன்னிக்கி கேளு. விடியக் காலையில வலி எடுத்துக்கிச்சி. துடிக்கிறேன். இந்த மனுஷன் சாவிய எடுத்துக்கினு வாசல்ல நிக்கிறாரு. "முக்கா மணி நேரம் தான் பவுனு, தண்ணி வுட்டுட்டு வந்துர்றேன்"னு. மோத்துமல் பாபா சம்சாரம் தான் ரிக்‌ஷா புடிச்சி இட்டுக்கினு போச்சி. இவரு வந்து சேரும்போது புள்ள பொறந்து குளிப்பாட்டியாச்சி. "எல்லா லைன்லயும் தண்ணி வந்துச்சா?"ன்னு கேட்டேன், கோவத்துல தான் கேட்டேன். அந்தாளு சந்தோஷமா, வந்துச்சி பவுனு, இன்னிக்கி ஃபோர்ஸ் நல்லா இருந்துச்சின்றாரு. இப்படிப்பட்ட மனுஷன் பேரு கல்லுல வேணாமா? நீயே சொல்லு.

வேணும் இல்ல. அப்ப எழுது.

இன்னா கேக்குற? கமிட்டிக்காரங்க வூடு வூடா வந்து விசாரிக்கலையான்னா? வந்தாங்களோ என்னமோ. விசாரிச்சா தான் தெரியணுமா? கேம்ப்புல யாரக் கேட்டாலும் சொல்லுவாங்களே. இன்னா, இப்ப இருக்கறவங்க யாருக்கும் அவரு பேரு தெரியாது. அண்ணா அண்ணான்னு தான் கூப்டுவாங்க. எண்பது வயசுக் கெழவி கூட அண்ணாம்பா. பெரியவங்கள்ல பாதி பேரு போய்ச் சேந்துட்டாங்க, மீதி பேரு சாங்வி பக்கம் ஃப்ளாட் வாங்கிக்கினு போயிட்டாங்க. எங்க வூட்டுக்காரரு போயே ஆறு வருஷம் ஆவுது. கமிட்டியில இருக்கறதெல்லாம் நண்டும் சிண்டும். மீசை மொளைக்கல, ப்ரசிடெண்ட்ன்றான்.

அத்த வுடு. உனக்கு கேம்ப் வழக்கமெல்லாம் சொல்றேன் கேளு. தண்ணி இப்ப ஒரு நாள் வுட்டு ஒரு நாள். வால்வெல்லாம் இப்ப மிஷினு, தானா தொறக்கும். மந்திர் பக்கத்துல எலவச ஆஸ்பத்திரி, ஒம்பது மணிலேர்ந்து பதினோரு மணி வரைக்கும். டாக்டரு நல்லவரு, ஆனா எது சொன்னாலும் நடங்கன்னு தான் சொல்லுவாரு. முட்டி வலின்னா நடங்க, தூக்கம் வரலன்னா நடங்க. வெள்ளிக்கெழம மத்தியானம் மந்திர்ல சாப்பாடு, யாரு வேணா போயி ஒக்காரலாம், நீ இன்னா சாதி, இன்னா ஊருன்னு ஒருத்தரும் கேக்க மாட்டாங்க. ஞாயித்துக்கெழம காலையில தால் பக்வான் வண்டி வரும். மொறுமொறுன்னு பெரிய பூரி மாதிரி, மேல கடலப்பருப்பு ஊத்திக் குடுப்பான். எட்டு மணிக்கு மேல போனா இருக்காது. கேஸ் வண்டி சந்துக்குள்ள வராது, சிலிண்டர நீ தான் உருட்டிக்கினு வரணும். சபரி இருந்தா அவன் உருட்டுவான், கேக்கறதுக்கு வெக்கப்படாத. ஸ்கூலு இப்ப ஜிம்மா ஆயிடுச்சி. அதுக்கு நான் இன்னா பண்றது.

மறுபடியும் அதே கேள்வியா? யம்மா, நீ கம்ப்யூட்டர் வேல பாக்குறியா, போலீஸ்ல இருக்கியா? வந்தா எனக்கு எப்படித் தெரியும்? குக்கர் வச்சிருப்பேன், விசில் சத்தத்துல காது கேட்டிருக்காது. லெட்டர்ல அதெல்லாம் எழுத வேணாம். மெஹ்மான்னு போட்டது தப்பு, உடனே மாத்துங்கன்னு மட்டும் எழுது.

ஸ்நேஹான்னு ஒரு பொண்ணு. அது தான் இந்த லிஸ்ட்ட எடுத்தது. மோத்துமல் பாபாவோட பேத்தி தான் அது, வேற யாரும் இல்ல. கைக்கொழந்தையா இருக்கும்போதே சாங்விக்குப் போயிட்டாங்க, அங்கயே வளந்துது, இப்ப கமிட்டி வேலைன்னு வருது போவுது. எங்கள அதுக்குத் தெரியாது, ஒத்துக்கறேன். ஆனா எனக்கு வந்திச்சி பாரு கோவம். போன வெள்ளிக்கெழம, மந்திர்ல, சாப்பாட்டுக்கு நூறு பேரு ஒக்காந்திருக்கும்போது கேட்டேன். உங்க தாத்தா கையால வாங்கின சாவிடி அது, முப்பத்தோரு வருஷம் இந்த கேம்ப்புக்கே தண்ணி வுட்ட மனுஷனோட வூட்ட மெஹ்மான்னு எழுத உனக்கு கை எப்படி வந்துச்சின்னு கேட்டேன். சிந்தியிலயே கேட்டேன். அந்தப் பொண்ணு மொகம் செவந்து போச்சி. எதுவோ சொல்ல வந்துது. நான் வுடல. எலையில போட்டத அப்படியே வச்சிட்டு எழுந்து வந்துட்டேன்.

அதோட வுட்டனா? மூணாம் நம்பர் கிஷன்தாஸ் வூட்டு மருமவ, பண்டிகைன்னு தாஹிரி, அதான் சக்கரைப் பொங்கல் மாதிரி இனிப்பு சோறு, டப்பாவுல போட்டு கொண்டாந்து குடுத்துது. வருஷா வருஷம் குடுக்கும். மெஹ்மான் வூட்டுக்கெல்லாம் இன்னாத்துக்குன்னு திருப்பிக் குடுத்துட்டேன். மூஞ்சி வாடிப் போச்சி அதுக்கு. பாவம், அதுக்கும் லிஸ்ட்டுக்கும் இன்னா சம்பந்தம்? சம்பந்தம் இருக்குது. பேப்பர ஒட்டும்போது பாத்திருக்கும் இல்ல, இது தப்புன்னு ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம் இல்ல? நீங்களே தான் அப்படிப் போடச் சொன்னீங்கன்னு நெனச்சோம்னு சொல்லுது. நான் போடச் சொல்லுவனா? இந்தப் பேச்சக் கேட்டதும் எனக்கு...

ஏன் எழுதறத நிறுத்திட்ட?

இன்னா, தேதியா? அவங்க எந்தத் தேதியில வந்தாங்கன்னு போடணுமா? வந்தாங்களா இல்லையான்னு தெரியாம லெட்டர் அனுப்பினா, நாங்க வந்தோம்னு அவங்க ரெக்கார்ட்ட காட்டினா இன்னா பண்ணுவீங்கன்றியா. ஹ்ம். படிச்ச புள்ள. கேக்க வேண்டியதத் தான் கேக்குற.

மீட்டிங்குக்கு நேரமாச்சி இல்ல உனக்கு? நேரமிருக்குதா. சரி.

வந்தாங்க.

போன வருஷம் ஜூலையில. மழை கொட்டுது, மத்தியானம், நான் ஒருத்தியா இருக்கேன். கதவத் தட்ற சத்தம். தொறந்தா அந்தப் பொண்ணு, கழுத்துல கார்டு தொங்குது, கையில ஃபைலு. பக்கத்துல ஒருத்தன் போன தூக்கிப் புடிச்சிக்கினு கதவு மேல இருக்கற நம்பர ஃபோட்டோ எடுக்கறான். ஃபைலு, அதுக்கு மேல கதவு நம்பர ஃபோட்டோ. கதவ பாதி சாத்திப் புடிச்சிக்கினேன் பாப்பா. "ஆண்ட்டி, இந்த ரூம்ல யாரு இருக்கீங்க, எந்த வருஷத்துலேர்ந்து"ன்னு ஹிந்தியில கேக்குது. என் வாய் தானா தொறந்துச்சி. "ஹம் மெஹ்மான் ஹைன் பேட்டி. கல் ஹி ஆயே."

நாங்க விருந்தாளிம்மா, நேத்து தான் வந்தோம். அப்படின்னேன்.

சிரிக்காத. சிரிச்சா சிரிச்சிட்டுப் போ, ஆனா கேளு. குடியாத்தத்துலேர்ந்து எழுவத்தொம்பதுல இந்த வூட்டுக்கு வந்தேன், பத்தொம்பது வயசு. ஹிந்தியில ஒரு வார்த்த தெரியாது. அரிசி எங்க இருக்குது, அடுப்பு எப்படிப் பத்த வைக்கறதுன்னு சொல்றதுக்கு முன்னாடி எங்க வூட்டுக்காரரு என்னை ஒக்கார வச்சி இந்த ஒரு வரிய மனப்பாடம் பண்ண வச்சாரு. ஏன்னா இந்த ரூமு கியான்சந்த்ன்னு ஒருத்தருக்கு அகதின்னு சர்க்காரு குடுத்தது. அவரு உல்லாஸ்நகருக்கு குடும்பத்தோட போயிட்டாரு, நம்மள வச்சிட்டுப் போனாரு. வாடகைக்கு வுடக் கூடாது, வுட்டா ரூம புடுங்கிக்குவாங்க. அதனால ஃபைலோட யாரு வந்தாலும் இந்த வரி தான். இந்த லைன்ல நம்மள மாதிரி இருந்த அத்தினி வூட்லயும் இதே வரி தான். கேம்ப்புல மத்ராசி, மராட்டி, வடக்கேர்ந்து வந்த பய்யா எல்லாரும் விருந்தாளி தான், எல்லாரும் நேத்து தான் வந்தாங்க.

ஒரு ஆபீசரு, நாலு வருஷத்துல மூணு தடவ வந்தாரு. ஒரு தடவ நான் புதுப்பொண்ணு. நேத்து தான் சார் வந்தோம். அடுத்த தடவ வயித்துல சபரி ஏழு மாசம். நேத்து தான் சார் வந்தோம். மூணாவது தடவ சபரி அவரு பேண்ட்டப் புடிச்சிக்கினு நிக்கிறான். நேத்து தான் சார். மனுஷன் அப்பளத்தத் தின்னாரு, தண்ணியக் குடிச்சாரு, "உங்க நேத்து ரொம்ப நீளம்மா"ன்னாரு, எழுதிக்கினு போயிட்டாரு. தங்கமான ஆளு. சபரிய ஸ்கூல்ல சேக்கப் போனா டீச்சரு எங்க இருக்கீங்கன்னு கேக்குது, இந்தப் பொடிசு கைய கட்டிக்கினு, மெஹ்மான் ஹைன் டீச்சர்ன்றான். வூட்ல கேட்டு கேட்டு புள்ள அதுவே அட்ரஸ்னு நெனச்சிக்கிச்சி.

இப்ப பயம் ஒண்ணும் இல்ல. கியான்சந்த் புள்ள ரூம எங்க பேருலயே எழுதிக் குடுத்து இருபது வருஷத்துக்கு மேல ஆவுது. பேப்பர் பொட்டியில இருக்குது. மேல ரூமு கட்டி, தோ, உன்னையே குடி வச்சிருக்கேன். ஆனா ஃபைலப் பாத்தா இந்த நாக்கு கேக்க மாட்டேங்குதே. அந்தப் பொண்ணு இன்னா பண்ணும்? நேத்து தான் வந்தேன்னு நான் சொன்னேன், அது எழுதிக்கிச்சி. நாப்பத்தாறு வருஷம் இருந்தவ நான் தான் என் வாயால நேத்து வந்தேன்னேன். அந்த மனுஷன் ஒரு நாள் லீவு போடாம தண்ணி வுட்டாரு. அவரு பேர கல்லுல வர வுடாம பண்ணது கமிட்டி இல்ல, கிஷன்தாஸ் மருமவ இல்ல. நான். பேப்பர ஒட்டின அன்னிக்கே எனக்குத் தெரியும். தெரிஞ்சி தான் அவ்ளோ கத்தினேன். ஒத்துக்க வாய் வரல.

சரி, அந்த லெட்டர அழி. அழிச்சிட்டியா? வேற எழுது. தப்பு என்னோடதுன்னு... இல்ல, இல்ல, இங்லீஷ்ல எழுதினா மன்னிப்பு கேட்ட மாதிரியே இருக்காது. நானே போறேன். மெஷினு சத்தம் நின்னு போச்சி பாரு, எட்டாம் பாரக் முடிஞ்சிடுச்சி போல. செருப்பு எங்க...

யாரது வாசல்ல? ஐயோ, அதே பொண்ணு. ஸ்நேஹா. ஃபைலோட நிக்குது. பாப்பா, நீ போயி நான் வூட்ல இல்லன்னு... வேணாம். சொல்லாத. இருக்கேன்னு சொல்லு. நானே சொல்றேன்.

ஆ பேட்டி. அந்தர் ஆ. ஒக்காரு, மொதல்ல ஒக்காரு. இன்னாவாம்? கல்லு வெட்றவரு ஒம்பதாம் பாரக்குக்கு வந்துட்டாராம். கடைசியா ஒரு தடவ கேட்டுட்டு வர்றேன்னு அவர நிறுத்தி வச்சிட்டு வந்திருக்குது. நூறு பேரு முன்னாடி அந்தப் பேச்சு பேசினேன், அப்பறமும் வந்து கேக்குது பாரு, அது தாத்தா ரத்தம். நீ கேட்டுக்கோ பாப்பா, உன் முன்னாடியே சொல்லிடறேன், அப்பால நான் பேச்ச மாத்தினா நீ சாட்சி. பேட்டி, கல்தி மேரி ஹை. மைனே ஹி போலா தா, மெஹ்மான். தப்பு என்னோடது, நான் தான் அப்படி சொன்னேன்னு சொல்லிட்டேன். மந்திர்ல பேசினதுக்கு மாஃப் கர்னா. அவ்ளோதான். வாயில முள்ளு எடுத்த மாதிரி இருக்குது.

இன்னா சொல்லுது பாரு. கல்லுல கடைசியில, கேம்ப்புக்கு சேவை பண்ணவங்கன்னு ஒரு லிஸ்ட்டு இருக்குதாம். அதுல தண்ணின்னு போட்டு, பக்கத்துல அண்ணான்னு மட்டும் எழுதி வச்சிருக்காங்களாம். தாத்தா சாகறதுக்கு முன்னாடி அண்ணா பேரு வரலன்னா கல்லே வேணாம்னு சொன்னாராம். எந்த அண்ணா, இன்னா பேருன்னு ஆறு மாசமா தேடிக்கினு இருக்குதாம் இந்தப் பொண்ணு. மந்திர்ல நான் சாவின்னு கத்தினப்ப தான் இந்த வூடோன்னு தோணிச்சாம். என் வாசல்லயே வந்து நின்னு, என்கிட்டயே கேட்டு... அழாத பவுனு, அழாத. அந்தப் பொண்ணு வேற அழுது. அப்பளத்த எடுத்துக் குடு பாப்பா அதுக்கு.

லிக் பேட்டி, எழுதிக்கோ. தணிகாசலம். த... ணி... அதுக்கு வாய்ல நுழையல, நீ இங்லீஷ்ல எழுதிக் காட்டு கண்ணு. எழுத்து தப்பா இருக்கக் கூடாது, கல்லு. எங்கேர்ந்து? குடியாத்தம். எந்த வருஷம்? எழுவத்தொம்பது. உன்னாசி. கேம்ப்புக்கு இன்னா செஞ்சாரு? தண்ணி வுட்டாரு. முப்பத்தோரு வருஷம். அப்படியே போடு, வேற ஒண்ணும் சேக்க வேணாம், அவருக்குப் புடிக்காது. பொண்டாட்டி பேரா? என் பேரு இன்னாத்துக்கு... போடு, போடு. பவுனு. அதுக்கு மூணு எழுத்து போதும்.

உன்கிட்ட இன்னா கேக்குது அது? மேல் ரூம்ல யாருன்னா? சொல்லேன், ஏன் முழிக்கிற?

இன்னாது? நீ இப்ப தான் வந்தியா? உன்ன எழுத வேணாமா? வாய மூடு. அந்தப் பேச்சு இந்த வூட்ல இனிமே யாரும் பேசக் கூடாது. ஸ்நேஹா, இஸ்கா பி லிக், இவளையும் எழுது. ஒம்பதாம் பாரக், நாலாம் நம்பர், மேல் ரூம். ஸ்ரீவித்யா, கோயம்புத்தூரு. எப்ப வந்தான்னு கேக்குதா? ஞாயித்துக்கெழம வந்தான்னு போடு. கல்லுல எடம் இல்லன்னா எங்க வூட்டுக்காரரு பேருக்குப் பக்கத்துல போடு, அவரு நவுந்து எடம் குடுப்பாரு.